ஒரே ஒரு நிரந்தர இடம்

என் பெயர் பொன்சாமி. தகப்பனார் பெயர் முனியப்பன். வயது ஐம்பத்தொன்று. ஃபிஜித் தீவில் ராக்கிராக்கி வட்டாரத்தில், பினாங்கு என்கிற சர்க்கரை ஆலைக்குப் பின்புறம் குடியிருக்கிறேன். ஹிந்தியும் பேசுவேன். தமிழில் சொன்னால்தான் தப்பு வராது என்று நான் கேட்டுக்கொண்டபடி இந்த வாக்குமூலம் தமிழில் எழுதப்படுகிறது.

நான் அரசாங்க ரோட்டு வேலையில் தினக்கூலி. இறந்துபோன சுரேந்திராவும், அவனை வெட்டிய வைசாகேயும் என்னைப் போல் தினக்கூலிகளே. நானும் சுரேந்திராவும் இந்திய வம்சம், வைசாகே இந்த மண்ணின் ஃபிஜிக்காரன்; பல வருடமாக மூவரும் ஒன்றாகத் தார் ஊற்றினோம். இந்த வருடம் தலைநகர் சுவாவில் ஃபிஜிக்காரர்கள் இந்தியர் இருந்த ஆட்சியைக் கவிழ்த்துப் பிடித்துக்கொண்ட பிறகு வேலை குறைந்தது. எங்கள் சர்தார், அதாவது மேஸ்திரி, ரவீந்திரா, அவரும் இந்தியர்தான், ஒருவரை மட்டும் நிரந்தரமாக்குவார்கள், மற்றவர்கள் வீட்டுக்குப் போகவேண்டியதுதான் என்று சொன்னார். மூப்புப்படி அந்த இடம் சுரேந்திராவுக்கு வரவேண்டியது. சர்தார் டீசலை வெளியே விற்றதை ஆபீசில் சொன்னவனும் சுரேந்திராதான்.

அதன் பிறகு சர்தார் வைசாகேயைத் தார் பீப்பாய்களுக்குப் பின்னால் கூட்டிப்போனார். நான் இந்தப் பக்கம் ஜல்லி அள்ளிக்கொண்டிருந்தேன். "இப்ப நாடு ஒங்க கையில. சுரேந்திரா இல்லன்னா எடம் ஒனக்குத்தான். பயங்காட்டு, ஓடிப்போயிருவான்" என்று ஹிந்தியில் சொன்னது காதில் விழுந்தது. உடனே சுரேந்திராவிடம் போய்ச் சொன்னேன். "வைசாகேயா? எம் பொண்ணத் தோள்ல தூக்கி வளத்தவன் அண்ணே" என்று சிரித்தான்.

மறுநாள் காலையில் வைசாகே கரும்பு வெட்டும் கத்தியோடு வந்தான். சுரேந்திரா தார் அடுப்புக்கு விறகு வைத்துக்கொண்டிருந்தான். வீட்டுக்குப் போ, இனிமேல் வராதே என்று வைசாகே சொன்னான். சுரேந்திரா திரும்பிக்கூடப் பார்க்காமல், கத்தியை வைத்துவிட்டு மண்வெட்டியை எடு என்றான். அதன் பிறகு வைசாகே அவன் தோளில் வெட்டினான். சுரேந்திரா எழுந்து அவன் சட்டையைப் பிடிக்க, அடுத்த வெட்டு கழுத்தில் விழுந்தது. நான் மண்வெட்டியால் வைசாகேயின் மணிக்கட்டில் அடித்தேன். எலும்பு முறிந்த சத்தம் கேட்டது. கத்தி என் முழங்கையைக் கிழித்துக்கொண்டு விழுந்தது. சுரேந்திரா அடுப்பின்மேல் சாய்ந்தான். நான் இழுத்துப்போடுவதற்குள் சட்டை முதுகுத் தோலோடு ஒட்டிப்போயிருந்தது.

அதன் பிறகு வைசாகே தன் சட்டையைக் கழற்றி, முறியாத கையால் அதைச் சுரேந்திராவின் கழுத்து வெட்டில் வைத்து அழுத்திப் பிடித்தான். ரத்தம் நிற்கவில்லை. சர்தார் வந்து பார்த்தார். வைசாகே அவரிடம், "ஓடிப்போவான்னு சொன்னியே, ஏன் ஓடல?" என்று கேட்டான். சர்தார் வேனில் ஏறிப் போய்விட்டார்.

சுரேந்திராவின் மனைவி ஊர்மிளா ஆபீசுக்குப் போய் நஷ்டஈடு கேட்டதற்கு, அன்று காலை வருகைப் பேர் கூப்பிடுவதற்கு முன்பே இறந்ததால் அவன் அன்றைக்கு வேலையாள் இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். இங்கே போலீஸ் ஸ்டேஷனில் இதை இனக்கலவரம் என்று எழுதியிருப்பதாக அறிகிறேன். அது சரியில்லை. வெட்டியது வைசாகே. தூண்டிவிட்ட வாய் ரவீந்திராவுடையது. அவர் குடும்பத்தோடு வரும் சனிக்கிழமை நாந்தியிலிருந்து சிட்னிக்கு விமானம் ஏறுகிறார். அதற்கு முன் அவரை விசாரிக்கவேண்டும்.

எழுதியதை எனக்குப் படித்துக்காட்டினார்கள். நான் சொன்னபடியே இருக்கிறது. யாருடைய மிரட்டலும் இல்லாமல் சொன்ன உண்மை.

(ஒப்பம்) மு. பொன்சாமி