பதினேழு குதிரைகள்

கௌபாய்களைப் பற்றி ஆறு புத்தகங்கள் எழுதியிருக்கிறேன். ஆனால் குதிரைமேல் ஏறியதே இல்லை. பயம். இந்த ஊரில் யாருக்கும் அது தெரியாது, ஷெரிஃப்.

என் முதல் புத்தகம் ஆம்ப்ரோஸ் டெல்க் பற்றியது. மாட்டு மந்தையோடு மொன்டானாவுக்கு வந்து இந்த ஊரை உண்டாக்கிய பண்ணையார். அவருடைய பதினேழு குதிரைகளைத் திருடியதாக எலாடியோ பரேலா என்ற மெக்சிகக் கௌபாயை ஆற்றோரம் தூக்கில் போட்டார்கள். திருடன் என்றுதான் நானும் எழுதினேன். பள்ளிப் பிள்ளைகள் அதைத்தான் படிக்கிறார்கள்.

பிப்ரவரியில் அவனுடைய கொள்ளுப்பேத்தி ஒஃபேலியா என் வீட்டுக்கு வந்தார். நியூ மெக்சிகோவில் பள்ளிப் பேருந்து ஓட்டுபவர். டெல்க் தன் மனைவிக்கு எழுதிய கடிதத்தை என் மேசையில் வைத்தார். அந்த அம்மாள் பின்னாளில் மனம் கேட்காமல் பரேலா குடும்பத்துக்கு அனுப்பியதாம்.

‘அவனைத் தூக்கில் போட்ட மறுநாள் குதிரைகள் தாமாகவே திரும்பிவிட்டன. யாரிடமும் சொல்லாதே.’

முப்பது வருடம் நான் பார்த்துப் பழகிய டெல்க்கின் கையெழுத்து. "போலியா இருக்கலாம்மா" என்றேன்.

"உங்க மூஞ்சியே சொல்லுதே சார், நெஜம்னு" என்று சிரித்தார். "தப்பா எழுதிட்டேன்னு ஒரு வரி போடுங்க, போதும். திருடன் பேரன்னு கேட்டுக் கேட்டே எங்கப்பா செத்தாரு."

"ஒரு வாரம் குடுத்துட்டுப் போங்க. ஒத்துப் பாக்கறேன்."

"அது என்னை விட்டு நகராது. நாளைக்கு மியூசியத்துல காட்டப்போறேன்."

வெளியே பனி விழத் தொடங்கியிருந்தது. விடுதிக்கு எந்த வழி என்று கேட்டார். கணவாய்ச் சாலையைக் காட்டினேன். குளிர்காலத்தில் அங்கே பனி வாரும் வண்டி போகாது, கைபேசியும் எடுக்காது.

"பாதி நேரத்துல போயிடலாம்" என்றேன்.

"நல்லவருதான் சார் நீங்க" என்று கை குலுக்கினார்.

மறுநாள் தேடக் கிளம்பியவர்களுக்கு நான்தான் காபி ஊற்றிக் கொடுத்தேன். அந்த அம்மா எந்தப் பக்கம் போனார் என்று நீங்களே கேட்டீர்கள். நெடுஞ்சாலை என்றேன். காருக்குள் மூன்று நாள் உயிரோடு இருந்திருக்கிறார் என்று மருத்துவர் பிறகு சொன்னார். சொல்லவே கூசுகிறது.

பனி உருகியதும் உங்களுக்கு முன்னால் நான் அங்கே போனேன். கடிதத்தைச் சட்டைக்குள் வைத்துப் பொத்தானைப் போட்டு, அதன் மேல் சட்டையைக் கையால் இறுகப் பிடித்திருந்தார். விரல்களை ஒவ்வொன்றாக விலக்க வேண்டியிருந்தது.

ஆமாம், கொன்றது நான்தான். ஆனால் இதையும் எழுதிக்கொள்ளுங்கள்: அந்தக் கடிதத்தில் ஒரு கீறல்கூட விழவில்லை. ஆவணத்துக்குக் கேடு செய்கிற ஆள் இல்லை நான்.