ஒன்பதாம் கேள்விக்குத் தனித்தாள்

ஒன்பதாம் கேள்விக்கு இரண்டு வரி இடம்தான் விட்டிருக்கிறீர்கள். என் கையெழுத்து பெரியது. அதனால் இந்தத் தாளைப் பின் அடித்து இணைத்திருக்கிறேன். மற்றபடி உரிமம் புதுப்பிக்கும் விண்ணப்பம் முழுமையாக இருக்கிறது. துப்பாக்கிப் பெட்டகத்தைச் சுவரோடு போல்ட் போட்டு இறுக்கியிருக்கிறேன். வியாழக்கிழமை பார்வையிட வரும்போது நாய் குரைக்கும், கடிக்காது.

துப்பாக்கி வைத்திருக்க நான் தகுதியானவனா என்பதைப் பாதிக்கும்படி ஏதாவது நடந்திருக்கிறதா என்று கேட்டிருக்கிறீர்கள். பத்து வருடத்துக்கு முந்தைய ஏப்ரல் மாத விபத்து உங்கள் கோப்பிலேயே இருக்கும். என் மைத்துனன் டூகல், டாகிடிமு மலையில் மான் வேட்டையின்போது குண்டு பட்டுச் செத்தான். சுட்டது என் மகள் கிர்ஸ்டன், வயது பதினைந்து என்று எழுதியிருப்பார்கள். அதில் ஒரு திருத்தம் உண்டு.

ஏப்ரலில் ஆண் மான்கள் துணைக்காகக் கர்ஜிக்கும். நாங்களும் குழாயை, மாட்டுக் கொம்பை வாயில் வைத்துக் கர்ஜிப்போம். போட்டிக்கு ஒருவன் வந்துவிட்டான் என்று மான் ஆத்திரத்தோடு வெளியே வரும். சில சமயம் இரண்டு மனிதர்களே மாறி மாறிக் கர்ஜித்து, எதிரில் இருப்பது மான் என்று நம்பி நெருங்கிவிடுவார்கள். அதற்காகத்தான் காலையிலேயே எல்லை பிரித்துக்கொண்டோம். ஓடைக்கு அந்தப் பக்கம் டூகல், இந்தப் பக்கம் நானும் கிர்ஸ்டனும்.

பிரியும்போது டூகல் சிகரெட்டை அணைத்துவிட்டு என்னை வழக்கம்போல் வம்புக்கிழுத்தான். "மச்சான், நீ கத்துற கத்தலுக்கு மான் வராது. பக்கத்துப் பண்ணை மாடுதான் கறக்கச் சொல்லி வந்து நிக்கும்."

கிர்ஸ்டன் விழுந்து விழுந்து சிரித்தாள். அந்தச் சிரிப்பை அதற்குப் பிறகு நான் கேட்கவில்லை.

அவளுக்குப் பதினாறு ஆக இன்னும் இரண்டு மாதம் இருந்தது. உரிமத் தேர்வுக்கான கையேட்டை மனப்பாடமே செய்திருந்தாள். விண்ணப்பத்தைக்கூடத் தேதி மட்டும் போடாமல் நிரப்பி வைத்திருந்தாள். பதினாறு ஆகாதவர், உரிமக்காரரின் கைக்கெட்டும் தூரத்தில் இருந்துதான் சுடலாம். நான் அதை எழுத்துக்கு எழுத்து கடைப்பிடித்தேன். இருவருக்கும் சேர்த்து ஒரே துப்பாக்கி. அதுவும் அவள் கையில்தான் இருந்தது. அன்றைய மான் அவளுடையது என்று வாக்குக் கொடுத்திருந்தேன்.

ஓடைக்கு இந்தப் பக்கம் புதரில் கர்ஜனை கேட்டது. நான் பதில் கொடுத்தேன். அது நெருங்கி வந்தது. இலைகளுக்கு நடுவே பழுப்பாக ஏதோ அசைந்தது. கிர்ஸ்டன் குறி வைத்தாள், பிறகு துப்பாக்கியைத் தாழ்த்திவிட்டாள். முதல் மானுக்கு எல்லோருக்கும் வருகிற நடுக்கம் அது. நான் அவள் கையிலிருந்து துப்பாக்கியை வாங்கிச் சுட்டேன்.

டூகல் அதிக நேரம் கஷ்டப்படவில்லை. கிர்ஸ்டன் அவன் தலையை மடியில் வைத்துக்கொண்டு, "நான் சொன்னேனே, நான் சொன்னேனே" என்றே புலம்பிக்கொண்டிருந்தாள். அதைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன்.

என் நிலைமையையும் நீங்கள் யோசிக்க வேண்டும். வெளிநாட்டிலிருந்து நியூசிலாந்துக்கு வருகிற வேட்டை விருந்தாளிகளை மலைக்குக் கூட்டிப் போவதுதான் என் பிழைப்பு. உரிமம் போனால் வீடே போச்சு. நான் சிறைக்குப் போவேன். அவளுக்கோ வயது இருக்கிறது. அந்த வயதுப் பிள்ளைகளைப் பெரியவர்களைப் போல நடத்த மாட்டார்கள், குடும்பத்தோடு உட்காரவைத்துப் பேசுவார்கள்.

"கிர்ஸ்டி, அப்பா சொல்றதக் கேளு. நீதான் சுட்டேன்னு சொல்லிடு. உன்ன யாரும் ஒண்ணும் பண்ண மாட்டாங்க."

"அம்மா? மாமா அவங்க தம்பியாச்சே."

"அம்மா புரிஞ்சுக்குவா."

நான் எதிர்பார்த்தபடியே பேசி முடித்தார்கள். என் உரிமத்தை ஒரு வருடம் நிறுத்தி வைத்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்கள். என் மனைவி லொரெய்ன்தான் புரிந்துகொள்ளவில்லை. மகளுக்குச் சோறு போட்டாள், துணி துவைத்தாள், முகத்தை மட்டும் பார்க்கவில்லை. கிர்ஸ்டன் சமையலறைக்குள் வந்தால் இவள் அடுப்பை அணைத்துவிட்டு வெளியே போய்விடுவாள். பதினேழு வயதில் கிர்ஸ்டன் இன்வர்கார்கிலில் மீன் பதனிடும் ஆலைக்கு வேலைக்குப் போய்விட்டாள். அந்த உரிம விண்ணப்பம் தேதியில்லாமல் இழுப்பறையில் கிடக்கிறது.

போன ஜூனில் லொரெய்னுக்குப் புற்றுநோய் முற்றிவிட்டது. அவளே மகளை வரச் சொன்னாள். கட்டிலோரம் உட்காரவைத்துக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"உன்ன மன்னிச்சிட்டேன்டி. முன்னாடியே சொல்லியிருக்கணும். முடியல. டூகல் முகம் வந்து வந்து நிக்குது."

கிர்ஸ்டன் என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் பரவாயில்லை. பதினைந்து வயதில் "அம்மா?" என்று கேட்டாளே, அதே பார்வை. நான் டம்ளரில் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன். நிரம்பிய பிறகும் ஊற்றினேன்.

"தேங்க்ஸ்மா" என்றாள் அவள்.

மூன்றாம் நாள் லொரெய்ன் போய்விட்டாள். செய்யாத தப்புக்கு மன்னிப்பை வாங்கிக்கொண்டு என் மகள் பேருந்து ஏறினாள். அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை, உங்களிடம் மறைக்க என்ன இருக்கிறது. நானாக முன்வந்து உண்மையைச் சொல்கிறேன் என்பதை விண்ணப்பத்தைப் பரிசீலிக்கும்போது கருத்தில் கொள்ளவும்.

பிறகு எழுதுகிறேன் என்றது இதுதான். போலீசார் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. கடைசிக் கர்ஜனையின் முடிவில் சின்னதாக ஓர் இருமல் வந்தது. அப்போதுதான் கிர்ஸ்டன் துப்பாக்கியைத் தாழ்த்தினாள். என் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"அப்பா, வேண்டாம்பா. அது டூகல் மாமா."

எனக்குத் தெளிவாகக் கேட்டது. ஆனால் நீங்களே சொல்லுங்கள், அவளிடம் உரிமம் இல்லை. என்னிடம் இருபது வருடமாக இருந்தது.