செவ்வாய்க்கிழமை வரைக்கும்

எங்கள் கட்டடத்தின் நிலவறையில் உடுப்புத் தோய்க்க நேரம் பதிகிற பலகை ஒன்று இருக்கிறது. அதை வாசிக்கத் தெரிந்தவருக்குப் பத்திரிகை தேவையில்லை. யாருக்கு வேலை போனது, யார் வீட்டில் ஆள் கூடியது, யார் புருஷனோடு கோபித்துக்கொண்டு தன் உடுப்பை மட்டும் தோய்க்கிறாள், எல்லாம் அதில் இருக்கும். என்னைப் பற்றி நீங்கள் அங்கே விசாரித்திருப்பீர்கள். தங்கமலருக்கு வாய் நில்லாது என்று சொல்லியிருப்பார்கள். அதை நான் மறுக்கவில்லை.

தமிழிலேயே எழுதித் தரலாம், பிறகு ஆள் வைத்து மொழிபெயர்ப்போம் என்றீர்கள். நல்லது. வயோதிபர் இல்லத்தில் இருபத்திரண்டு வருடம் வேலை செய்தேன். என் டெனிஷ் ஆட்களைப் புரட்டிக் கழுவவும் சாப்பிட வைக்கவும் போதும். இதற்குப் போதாது.

என் எதிர்க்கதவு பிரியந்தி. புருஷன் இல்லை. மகள் சாரங்கா அவளோடுதான் இருக்கிறாள். முப்பத்தாறு வயது, கல்யாணம் இல்லை. ஏன் இல்லை என்பதற்கு என்னிடம் மூன்று காரணங்கள் இருக்கின்றன, அவை இந்த வழக்குக்குத் தேவைப்படாது. பதினாறு வருடம் மேயராக இருந்த மனிதர் இனித் தேர்தல் கேட்கமாட்டேன் என்று சொன்னதும் எங்கள் கொம்யூனில், அதுதான் நகரசபையில், மேயர் கதிரை காலியானது. நாலு கட்சி, நாலு பேர். அதில் ஒருத்தி சாரங்கா. எங்கள் பிள்ளை ஒன்றின் முகம் ஒவ்வொரு விளக்குக் கம்பத்திலும் தொங்கியது. என் குசினி யன்னலால் பார்த்தால் இரண்டு சாரங்கா தெரியும்.

இனி, போன தேர்தலைச் சொல்லாமல் இது விளங்காது.

நாலு வருடத்துக்கு முன் அவள் சபைக்குக் கேட்டபோது, வாக்களிப்புக்குப் பதினாறு நாள் இருக்கத் தகப்பன் செத்துப்போனார். எங்களில் சாவு வீட்டுக்காரருக்கு முப்பத்தொரு நாள் துடக்கு. நல்ல காரியம், கொண்டாட்டம் ஒன்றிலும் கால் வைக்கக்கூடாது. சாரங்கா ஆறாம் நாளே சந்தைத் திடலில் நின்று சிரித்துச் சிரித்துக் கோப்பி ஊற்றிக் கொடுத்தாள். நான் பார்த்தேன். பார்த்ததைச் சொன்னேன். "தேப்பன் எரிஞ்ச சூடு ஆறேல்ல, பிள்ளை அங்க பல்லுக் காட்டிக்கொண்டு நிக்குது" என்று நாலு இடத்தில்தான் சொன்னேன். அது எஸ்பியர்க் நகரம் வரைக்கும் போய், அங்கிருந்து பிரியந்தியின் தங்கச்சி தொலைபேசி எடுத்து அழுது, பிரியந்தி மகளைக் கூப்பிட்டு வீட்டுக்குள் இருத்தினாள். இருபத்தேழு வாக்கால் போனது. ஒன்றரை வருடம் கழித்து ஓர் உறுப்பினர் வேறு ஊருக்குப் போனதால்தான் அவளுக்கு இடம் கிடைத்தது.

அதற்காக நான் அழுதேன் என்று சொல்லமாட்டேன். ஆனால் மனதில் இருந்தது. இந்த முறை அவள் வெல்லவேண்டும் என்று நான் விரும்பினேன். அது உண்மை, அதை எழுதிக்கொள்ளுங்கள்.

வசந்தத்தில் பிரியந்திக்கு ஒருமுறை வாய் கோணியது. நேரத்துக்கு ஆஸ்பத்திரிக்குப் போனதால் தப்பினாள். இடக்கால் மட்டும் கொஞ்சம் இழுக்கும், தனியே விட முடியாது. செவ்வாய்க்கிழமை வாக்களிப்பு. கடைசி வாரம் சாரங்காவுக்கு மூச்சு விட நேரமில்லை. நான்தான் கேட்டேன், "அம்மாவை என்னட்ட விடு பிள்ளை, செவ்வாய்க்கிழமை வரைக்கும்தானே."

"அன்ரி, ஏதும் எண்டால் உடன எனக்குப் போன் எடுக்கோணும். நான் எங்க நிண்டாலும் வருவன்."

"என்ன ஏதும்? வாயைக் கழுவு."

வெள்ளிக்கிழமை பிரியந்தி தன் தலையணையோடு வந்தாள். என் பின்னறையில் படுத்தாள். என் சாம்பாரில் புளி கூட என்றாள். அவளுடைய மகள் மேயராகப் போகிறாள் என்பதால் பொறுத்துக்கொண்டேன்.

சனிக்கிழமை பகல் பன்னிரண்டரைக்கு அவளுடைய கையில் இருந்த கோப்பை விழுந்தது. போய்ப் பார்த்தேன். வாய் ஒரு பக்கம் இறங்கியிருந்தது, வலக்கை கிடந்த இடத்திலேயே கிடந்தது. பாரிசவாதம். இதற்கு எனக்கு வைத்தியர் தேவையில்லை. இல்லத்தில் எத்தனை பேரைப் பார்த்திருப்பேன். முதல் சில மணித்தியாலம்தான் முக்கியம் என்பதையும் புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு நான்தான் சொல்லிக் கொடுப்பேன்.

இரண்டு மணிக்கு விளையாட்டு மண்டபத்தில் நாலு வேட்பாளரும் மேடையேற இருந்தார்கள். அறுநூறு பேர், உள்ளூர்த் தொலைக்காட்சி. அம்புலன்ஸ் வந்தால் சாரங்கா மேடைக்குப் போகமாட்டாள். ஆஸ்பத்திரியில் இருப்பாள். பிரியந்தி செத்தால் துடக்கு. சாகாவிட்டால், தாய் கிடக்கையில் மகள் வாக்குக் கேட்கிறாள் என்று ஊர் சொல்லும். ஊர் என்ன சொல்லும் என்று எனக்குத் தெரியாதா? ஊரே நான்தானே.

ஆகவே பிரியந்தியைச் சரித்துப் படுக்க வைத்தேன், நாக்கு உள்ளே போகாதபடி. கோப்பைத் துண்டுகளைக் கூட்டி அள்ளினேன். ஒரு மணிக்குச் சாரங்கா தொலைபேசி எடுத்தாள். தாயை அவள் டெனிஷில் 'மோர்' என்றுதான் கூப்பிடுவாள்.

"மோர் சாப்பிட்டவவா அன்ரி?"

"ஓம், சாப்பிட்டிட்டுப் படுத்திட்டா. நீ வடிவாக் கதை. தலைமயிரை முன்னால விடாத."

விவாதத்தைத் தொலைக்காட்சியில் பார்த்தேன். கதவைத் திறந்து வைத்துச் சத்தத்தைக் கூட்டினேன், பிரியந்திக்கும் கேட்கட்டும் என்று. பிள்ளை நன்றாகத்தான் கதைத்தாள்.

முடிந்ததும் அம்புலன்ஸுக்கு எடுக்கத்தான் இருந்தேன். ஆனால் நாலு மணிக்கு எடுத்தால் பன்னிரண்டரைக்கு ஏன் எடுக்கவில்லை என்று கேட்பார்கள். ஐந்து மணிக்கு எடுத்தால் நாலுக்கு ஏன் எடுக்கவில்லை என்று கேட்பார்கள். ஒவ்வொரு மணித்தியாலமும் போய் முன்னையதோடு சேர்ந்துகொண்டது. வெளியே வர வழியிருந்த நேரம் எது என்று நீங்கள் என்னிடம் மூன்று தடவை கேட்டீர்கள். எனக்கும் அது பிடிபடவில்லை.

ஞாயிறு காலை ஒன்பதரைக்குச் செலீனா குடை பிடித்தபடி பூசைக்குப் போனாள். அவள் மூன்றாம் மாடி, எனக்கு அடுத்தபடியாக ஊர்க் கதை தெரிந்தவள். புதுக் கோட்டு. அது எங்கே வாங்கியது என்று யன்னலில் நின்று யோசித்தேன். திரும்பிப் பார்த்தபோது பிரியந்தி முடிந்திருந்தாள்.

முகம் கழுவி, கண்ணை மூடி, நாடி கட்டி, நெற்றியில் விபூதி பூசினேன். வேலையில் கற்றதை ஒழுங்காகச் செய்தேன். பின்னறை ஹீற்றரை நிறுத்தி யன்னலைத் திறந்துவிட்டேன். நவம்பர் மாதம் மிச்சத்தைப் பார்த்துக்கொண்டது. பிறகு சாரங்காவுக்கு எடுத்து, அம்மாவுக்குச் சத்தியும் வயிற்றோட்டமும் என்றேன். இந்த நாட்டில் அதற்கு ஒரு மரியாதை உண்டு. வருத்தம் நின்று நாற்பத்தெட்டு மணித்தியாலம் ஆகும்வரை ஒருவரும் கிட்ட வரமாட்டார்கள். தொற்றினால் நீ செவ்வாய்க்கிழமை படுக்கையில் என்றேன். நம்பினாள். இல்லத்தில் வேலை செய்தவளை நம்பாமல்?

அதற்குப் பிறகு அடைபட்டது நான். கோட்டைப் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் இருந்தேன், குளிர் கதவுக்குக் கீழால் வந்தது. கடைக்குப் போகவில்லை. நிலவறைக்குப் போகவில்லை, என் தோய்ப்பு நேரம் பலகையில் சும்மா போனது. திங்கட்கிழமை செலீனா கட்லற்றோடு வந்து கதவுக்கு வெளியே நின்றாள்.

"என்னடியப்பா, ரெண்டு நாளாச் சத்தத்தைக் காணேல்ல? செத்துக்கித்துப் போனியோ எண்டு பாக்க வந்தன்."

"பிரியந்திக்குச் சத்தி. கிட்ட வராத."

"ஐயோ. உன்ர சமையலோ?"

"கட்லற்றை வைச்சிட்டுப் போ."

சிரித்துக்கொண்டு போனாள். கையில் இவ்வளவு பெரிய கதையை வைத்துக்கொண்டு செலீனாவை அனுப்புவது எவ்வளவு கஷ்டம் என்று உங்களுக்குத் தெரியாது. வாய்க்குள் நெருப்புத்தணல் மாதிரி இருந்தது.

அன்று பின்னேரம் சாரங்கா வந்தாள். கதவில் கடிதம் போடுகிற துவாரத்தைத் திறந்து, முழந்தாளில் இருந்து அதற்குள்ளால் கதைத்தாள்.

"மோர், நாளையோட முடிஞ்சுது. பிறகு நான் உங்களோடதான். கேக்குதா?"

நான் நடையில் நின்றேன். பின்னறைக் கதவு பூட்டியிருந்தது.

"கேட்டிட்டா பிள்ளை. தலையாட்டுறா."

"சிரிக்கிறாவா?"

"ஓம்."

துவாரத்துக்குள்ளால் ஒரு கை வந்தது. அதைப் பிடித்துத் தடவிவிட்டேன். யாருடைய கை என்று அவள் நினைத்தாளோ, நான் கேட்கவில்லை.

செவ்வாய்க்கிழமை இருபது நிமிடம் மட்டும் வெளியே போய் வாக்களித்தேன். அவளுக்குத்தான். வென்றாள். மற்றக் கட்சிகள் சேர்ந்து அவளை மேயராக ஒத்துக்கொண்டன. புதன் காலை சூடான பாணும் ரோசாப்பூவும் கொண்டு கதவைத் தட்டினாள். திறந்தேன். செவ்வாய்க்கிழமை வரைக்கும் என்று சொன்னேன், சொன்னபடி நடந்தேன்.

அவள் பின்னறைக்குள் போய்ப் பார்த்தாள். ஒன்றே ஒன்று கேட்டாள். "அம்மா என்னைக் கேட்டவவா?"

"இல்லைப் பிள்ளை. நித்திரையிலயே போனவ."

உங்களிடமும் முதல் நாள் அப்படித்தான் சொன்னேன். பிறகு, ஏதோ சொன்னாள் ஆனால் வாய் இழுத்ததால் விளங்கவில்லை என்று மாற்றினேன். இப்போது ஒழுங்காக எழுதுகிறேன். விளங்கியது. இருபத்திரண்டு வருடம் இழுத்த வாய்களோடுதான் என் சீவியம். "சாரங்காவுக்கு எடு" என்றாள். சனிக்கிழமை பின்னேரம் முழுக்க, பிறகு ஞாயிறு விடியவும் சொன்னாள். கடைசியில் என் பெயரைச் சொல்லிச் சொன்னாள். தொலைபேசி என் சட்டைப் பையில் இருந்தது. நான் எடுத்திருந்தால் அவள் இன்றைக்கு உயிரோடு இருந்திருக்கக்கூடும். அது எனக்கு அப்போதே தெரியும்.

சாரங்கா பதவி வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டாளாம். ஏன் என்று எனக்கு விளங்கவில்லை. சாவு தெரிய வந்தது வாக்களிப்புக்குப் பிறகு, துடக்கும் அப்போதுதானே தொடங்கியது. ஊரில் ஒருவராலும் ஒரு சொல் சொல்ல முடியாதபடி நான் பார்த்துக்கொண்டேன்.

இந்த அறையில் யன்னல் உயரத்தில் இருக்கிறது. வானம் மட்டும் தெரிகிறது, ஆட்கள் போவது தெரியவில்லை. எனக்கு வேறு குறை இல்லை. நீங்கள் செலீனாவிடம் விசாரிக்கப் போவீர்கள்தானே. போனால் இதை மட்டும் சொல்லிவிடுங்கள்: தங்கமலருக்கு வாய் நில்லாது என்று இனிச் சொல்ல வேண்டாம். மூன்று நாள் ஒருவருக்கும் சொல்லவில்லை.