மூணு தரம்தான் கூப்பிடுவாங்க

மணிச் சத்தம் கேட்டுச்சா? ரெண்டு தரம் அடிச்சா உள்ள ஒருத்தர் மனு முடிஞ்சுதுன்னு அர்த்தம். இப்பப் பியூன் வந்து அடுத்த நம்பரக் கூப்பிடுவாரு. மூணு தரம்தான், நாலாந்தரம் கெடையாது. இரு, கேளு. எங்களது இல்ல. உன்னோடதும் இல்ல. உக்காரும்மா, பைய நவுத்திக்கறேன். சட்டைங்கதான். பட்டன் தெச்சுக் குடுக்கற வேலை. இங்க நாள் முழுக்க உக்காரணும், கை சும்மா இருக்குமா.

அப்பாவுக்கா? இப்பத்தான் மனு போட்டிருக்கியா. ஆறு மாசத்துல முடிச்சிடுவோம்னாங்களா? ம். எங்ககிட்டயும் அதான் சொன்னாங்க. எட்டு வருசமாச்சு. அப்படிச் சொன்ன அதிகாரியே ரிட்டயராகிட்டாரு. போன மாசம் அதோ, அந்தத் தூண்கிட்ட உக்காந்திருந்தாரு, கையில மனுவோட. சிரிக்காதம்மா, நெசமாத்தான்.

இவருதான் எங்க வீட்டுக்காரரு. சத்தமாப் பேசியெல்லாம் பிரயோசனமில்ல, காது சுத்தமாக் கேக்காது. முப்பத்தொரு வருசம் நெசவு மில்லுல தறி ஓட்டுனவரு. முன்னூறு தறி ஒரே கூடத்துல ஓடுனா என்ன ஆகும் சொல்லு. அங்க யாரும் வாய்விட்டுப் பேச முடியாது, உதட்டப் பாத்தே பேசிக்குவாங்க. இவரு அதுல கில்லாடி. அந்தக் கோடியில மேஸ்திரி பொய் சொன்னா, இந்தக் கோடியில நின்னு சிரிப்பாராம். அதான் கையால வாய மறைச்சுக்கிட்டுப் பேசறேன். நீயும் என் பக்கம் பாத்தே பேசு.

விசயம் பெருசில்ல. மொத ஒம்பது வருசம் தற்காலிக ஆளுன்னு சொல்லிக் கணக்குல சேக்கல. அதே தறி, அதே ஷிப்டு. அதச் சேத்தாத்தான் முழு பென்சன். ஆனா இவருக்குப் பென்சன்கூட அப்புறந்தான். அந்த ஒம்பது வருசத்துலதான் என் காது போச்சு, அப்ப நான் அங்க இல்லன்னா போனது யாரு காதுன்னு கேக்கறாரு.

கூப்பிடவே இல்லையான்னா... கூப்பிட்டாங்க. நாலு வருசம் முன்னாடி. இதே பெஞ்சு. இவருக்குப் படிய வாரின தல, இஸ்திரி போட்ட சட்டை, மடியில ஃபைலு. இவருக்குக் காது நாந்தானே. அதுக்கு மொத நாளு அஞ்சு டஜன் சட்டை அவசரம்னு கேட்டாங்க, விடிய விடியத் தெச்சேன். இங்க வந்து உக்காந்ததும் கண்ணு அசந்துடுச்சு. முழிச்சுப் பாத்தா பியூன் கதவச் சாத்துறாரு. ஓடினேன். மூணு தரம் கூப்பிட்டாச்சு, ஆஜராகலன்னு எழுதியாச்சுங்கறாரு. அந்தக் கதவுக்கும் இவரு முட்டிக்கும் நாலடி இருக்குமா? காது கேக்காதுங்க, அதுக்குத்தான் இத்தன பாடுன்னேன். அப்ப அத ஒரு மனுவா எழுதிக் குடுங்கன்னாரு.

எழுதிக் குடுத்தேன். என்னமோ கூடுதல் பேப்பர் கேக்கறாங்கன்னு இவருகிட்டச் சொன்னேன். கண்ணாடி எடுத்துட்டு வரல, கையெழுத்து எங்க போடணும்னாரு. எடத்தக் காட்டுனேன், போட்டாரு. அந்த மனுவுக்குத்தான் நாலு வருசமா வந்துக்கிட்டிருக்கோம். பழைய மனுவே இன்னும் வரிசையில நிக்குதுன்னு இவரு நெனப்பு. சாயங்காலம் படி எறங்கும்போது கேப்பாரு, இன்னிக்கும் கூப்பிடலல்லன்னு. இல்லன்னு தலையாட்டுவேன். பெரிய ஆபீசு, ஆயிரம் பேரு, மெதுவாத்தான் கூப்பிடுவான்னு எனக்கே சமாதானம் சொல்லுவாரு.

இவருக்கு நெசம் தெரியுமான்னா?

தெரியலம்மா. பியூன் கூப்பிட்டப்ப அந்த உதட்ட இவரு பாத்தாரோ என்னமோ. அன்னிக்கு வந்து பக்கத்துல உக்காந்தேன். கூப்பிட்டாங்களான்னாரு. இல்லன்னு சொன்னேன், வாய்விட்டே சொன்னேன். என் உதட்டையே பாத்துக்கிட்டிருந்தாரு. ரொம்ப நேரம். அப்புறம் மடியில இருந்த ஃபைல எடுத்து அந்தப் பக்கம் வெச்சுட்டு, சரி, நீ இன்னும் கொஞ்சம் தூங்குன்னு தோளக் காட்டுனாரு.

நானும் சாஞ்சுக்கிட்டேன்.

இந்த ஊசியில கொஞ்சம் நூலக் கோத்துக் குடும்மா. கருப்பு இல்ல, வெள்ள நூலு. ஆங். இந்தச் சட்டைக்கு இன்னும் மூணு பட்டன் பாக்கி.