மார்கழியில் வேர்த்தவள்

இடஒதுக்கீட்டுப் போராட்டம் நடந்துகொண்டிருந்த ஒரு மார்கழிக் காலை. ரிஷிவந்தியத்திலிருந்து கள்ளக்குறிச்சிக்குப் போன பஸ்ஸில், கல் விழும் என்று பயந்து எல்லா ஜன்னல் ஷட்டர்களையும் இறக்கிவிட்டிருந்தோம். குளிருக்குத் தலையில் துண்டு சுற்றியிருந்தவர்களுக்கு நடுவே, என் முன்சீட்டு அம்மாளுக்கு மட்டும் ரவிக்கை வேர்வையில் நனைந்திருந்தது.

“கல்லு பட்டா படட்டும் அண்ணி. ஷட்டரத் தூக்கு.”

ஜன்னலோரம் இருந்த அண்ணி மிரண்டாள். “இன்னாடி சொல்ற? நேத்துதான் ஒருத்தருக்கு மண்ட ஒடஞ்சிது.”

“ஒடம்பு எரியுது அண்ணி. ராத்திரில பாயே நனஞ்சி பூடுது. ஏதோ பெரிய சீக்குன்னு பயந்துகினு இருக்கேன். அவருகிட்டகூட சொல்லல.”

அண்ணி குரலைத் தாழ்த்தினாள். “மாசாமாசம் தூரமாவறது நின்னுச்சா?”

“ஆடிலேர்ந்தே வரல.”

“அதான். நிக்கற நேரத்துல இப்டித்தான் எரியும். எங்கம்மாளும் சொல்லும்.”

“எப்ப அடங்கும் அண்ணி?”

அண்ணி ஷட்டரைப் பாதி தூக்கி, முதலில் தன் முகத்தைக் காற்றுக்குக் கொடுத்தாள்.

“எனக்கு நாலு வருசமா அடங்கல. நீயும் இப்டி வா.”