கதவருகே ஒன்பது வினாடி

— அந்த ஷாட்ல மட்டும் கை வைக்காத மிசாவோ. ஒன்பது வினாடி அப்படியே இருக்கட்டும்.

— வெச்சாச்சு டைரக்டர் சார். இப்போ நாலரைதான்.

— ஒரு வார்த்தை கேக்காமலா?

— முப்பது வருஷமா உங்க அனிமேஷனை எல்லாம் நான்தான் வெட்டறேன். உங்க பொண்டாட்டியா இருந்தப்பவும் கேட்டதில்ல, விவாகரத்துக்கு அப்புறமும் கேட்டதில்ல.

— பாரு, புருஷன் ஸ்டுடியோவுக்குக் கிளம்பிட்டான். அவ கதவுகிட்டயே நிக்கறா. மனசுல என்னென்னவோ ஓடுது. அதுக்கு நேரம் வேணாமா?

— ஓடறது உங்களுக்குத் தெரியுது. பாக்கறவங்களுக்கு அசையாத ஒரே படம். டிவி நின்னுபோச்சுன்னு அதோட தலையில தட்டுவாங்க.

— கண்ணு மட்டும் அசையற மாதிரி வரையச் சொல்றேன்.

— யாரை? வரையற பசங்க நாலு நாளா மேஜைக்கு அடியிலதான் தூங்கறாங்க. வியாழக்கிழமை குரல் குடுக்க வராங்க, பாதிப் படம் இன்னும் வெறும் பென்சில் கோடு. இந்தக் கோட்டைப் பாத்து குரல் குடுக்கற பொண்ணு எப்படி அழப்போறாளோ.

— நீ களைச்சுப்போயிருக்க.

— ம். கழுத்து திரும்பல. பத்தொம்பது வயசுல வெள்ளைக் கையுறை போட்டு பிலிம் ஒட்ட உக்காந்தது. அப்போ விரல் மட்டும்தான் வலிக்கும். இந்தப் படத்தோட போதும்னு தயாரிப்பாளர்கிட்ட சொல்லிட்டேன்.

— எங்கிட்ட சொல்லல?

— உங்ககிட்ட சொல்லணும்னு தோணி ரொம்ப காலமாச்சு.

— இந்த ஷாட்டை நானே வரைஞ்சேன். பாரு, வேற யாரையும் தொட விடல.

— பாத்ததுமே தெரிஞ்சுது. நம்ம ஓகிகுபோ வீட்டுக் கதவு. செருப்பு அலமாரி மேல நம்ம பொண்ணு நவோவோட ஸ்கூல் தொப்பி.

— அன்னைக்கு அவளுக்கு முப்பத்தொம்பது டிகிரி ஜுரம். எபிசோடை முடிச்சுட்டு வரேன்னு கிளம்பினேன்.

— மூணு நாள் கழிச்சு வந்தீங்க.

— வீடு பூட்டிக் கிடந்துது. நீ உங்கம்மா வீட்ல. அடுத்த வாரமே எடிட்டிங் ரூம்ல எம்பக்கத்துல வந்து உக்காந்த. எனக்கு ஒண்ணும் புரியல.

— வேலை எனக்கு என்ன கெடுதல் பண்ணுச்சு? அதை ஏன் விடணும்?

— இருபத்திரெண்டு வருஷமா அந்தக் கதவைத்தான் நெனச்சிட்டிருக்கேன் மிசாவோ. போலாமா, இருக்கலாமான்னு அங்க நின்னு எப்படித் தவிச்சிருப்ப. அதைச் சொல்லத்தான் இந்தப் படமே எடுத்தேன். பாரு, எனக்கும் அறுபத்திரெண்டு ஆயிடுச்சு. நீயும் வேலையை விடறேங்கற. திரும்ப ஒண்ணா இருக்கலாமான்னு கேக்கணும்.

— கேட்டுட்டீங்க.

— அவ்வளவு நேரம் நின்னவளுக்கு என் மேல கொஞ்சமாவது ஆசை இருந்திருக்கும்ல?

— உக்காருங்க. காபி ஆறுது, குடிங்க.

— பதில் சொல்லு.

— நீங்க குனிஞ்சு ஷூ கயிறு கட்டறப்பவே நான் முடிவு பண்ணிட்டேன். கதவு சாத்தற சத்தம் கேட்டப்போ உள்ள நவோவோட துணியை மடிச்சிட்டிருந்தேன். அந்தக் கதவுகிட்ட யாருமே நிக்கல. இந்த நாலரை வினாடிகூட உங்களுக்காகத்தான் விட்டு வெச்சேன்.