இறுதி ஆட்டத்துக்கு ஐந்து நாள் முன்பு வந்த கடிதம்

செயலாளர் தம்பி, வளையத்தில் கட்டும் வலை எட்டு மாதத்துக்கு மேல் தாங்காது. பாதியை வெயில் தின்னும், மீதியை மழை தின்னும். நாற்பத்தோரு வருடத்தில் நான் மாற்றிய வலைகளை ஒன்றோடொன்று முடிச்சுப் போட்டால் இந்த ஊரைச் சுற்றி வேலி கட்டிவிட்டு, மிச்சத்தில் மீனும் பிடிக்கலாம். நம் கூடைப்பந்து கிளப்பின் வரலாற்றை இப்படித்தான் தொடங்கியிருந்தேன். நீங்கள் அதை அடித்துவிட்டு, 'தொடங்கிய வருடம், உறுப்பினர் எண்ணிக்கை' என்று எழுதி அனுப்பியிருக்கிறீர்கள். போகட்டும். சண்டை போட இப்போது தெம்பு இல்லை.

இருபத்து மூன்றாம் வருடத்துக்குப் பக்கத்தில் பென்சிலால் ஒரு கேள்வியும் கேட்டிருக்கிறீர்கள். 'பெண்கள் ஜூனியர் அணி வாங்கிய ஒரே கோப்பை. இதற்கு ஏன் நாலே வரி?' நியாயமான கேள்வி. பதிலைத் தனித் தாளில் எழுதுகிறேன்.

பகலில் எனக்குத் தண்ணீர் மீட்டர் படிக்கிற வேலை. சாயங்காலம் கிளப்பில் கடிகாரமும் பதிவேடும் என் பொறுப்பு. வேலையில் எண்களை இருக்கிறபடி எழுதினேன். கிளப்பில் இருக்க வேண்டியபடி எழுதினேன். நம் பிள்ளைகள் எல்லோருடைய உயரத்திலும் இரண்டு விரற்கடை கூட்டித்தான் பட்டியல் போடுவேன். எதிரணி அதைப் படித்துவிட்டுப் பாதி தோற்றுப்போய்த்தான் பேருந்திலிருந்து இறங்கும். ஒருமுறை அவர்கள் கோச் பட்டியலோடு என் மேசைக்கு வந்தார். "இதுல அஞ்சே முக்கால் அடின்னு போட்டிருக்கே, அந்தப் பொண்ணு எங்க சார்?" என்றார். "நேத்துதான் முடி வெட்டிக்கிட்டா" என்றேன்.

ஜூனியர்கள் ஒவ்வொருவருக்கும் டாக்டர் கையெழுத்திட்ட உடற்தகுதிப் படிவம் வேண்டும், இறுதி ஆட்டத்துக்கு மறுபடி புதிதாக ஒன்று வேண்டும் என்பது லீக் விதி. பன்னிரண்டு பேரைக் கிளினிக் வாசலில் வரிசையில் நிறுத்தினால் ஒரு வாரப் பயிற்சி போய்விடும். அதனால் நம் டாக்டர் வருடத் தொடக்கத்திலேயே முப்பது வெற்றுப் படிவங்களில் கையெழுத்துப் போட்டுத் தந்துவிடுவார். நாடித்துடிப்பு, எடை எல்லாவற்றையும் நான் நிரப்புவேன். 'இதயம்' என்ற இடத்தில் ஒரு வருடம் 'குதிரைக்கு இருப்பது போல' என்று எழுதினேன். லீக் அலுவலகத்தில் சிரித்துவிட்டு முத்திரை குத்தினார்கள். இருபத்திரண்டு வருடம் யாருக்கும் ஒரு தும்மல் கூட வரவில்லை.

அந்த வருடத்துப் பெண்ணை எல்லோரும் 'ஏணி' என்று கூப்பிடுவார்கள். பதினைந்து வயது. உயரத்தில் நான் எதையும் கூட்டத் தேவையில்லாமல் இருந்த ஒரே ஆள் அவள்தான். அரையிறுதியில் எதிரணிப் பெண் ஒருத்தி, "ஏய் ஏணி, மேல மழை பெய்யுதா?" என்று சீண்டினாள். "பெய்யுது. உங்க கூடையிலதான் விழுது, எண்ணிக்கோ" என்றாள் இவள். அன்று இருபத்தாறு புள்ளிகள். இதில் நான் ஒன்றும் கூட்டவில்லை.

இறுதி ஆட்டத்துக்கு ஐந்து நாள் இருக்கும்போது அவளுடைய அம்மா கிளப் அறைக்கு வந்தார். துணிக்கடை மாடியில் ஆல்டரேஷன் தைக்கிறவர். கழுத்தில் அளவு நாடாவோடு அப்படியே வந்திருந்தார். கையில் ஓர் உறை.

"அண்ணா, பெரிய ஆஸ்பத்திரியில எழுதிக் குடுத்திருக்காங்க. இதயத்துச் சதை தடிச்சிருக்காம். ஓடவே கூடாதுங்கறாங்க. நான் சொன்னா அவ கேக்க மாட்டா. கோச்கிட்ட குடுத்துடுங்க, அவர் சொன்னா கேப்பா."

கோச் வெளியூர் போயிருந்தார். நான் கை நீட்டி வாங்கிக்கொண்டேன்.

"கவலைப்படாதம்மா. டீமோட போய் பெஞ்சுல உக்காந்திருக்கட்டும். இல்லேன்னா மனசு ஒடஞ்சிடும்" என்றேன்.

கடிதம் இரண்டு பக்கம். இரண்டு தடவை படித்தேன். கிழித்துப் போடவில்லை, நான் அப்படிப்பட்டவன் இல்லை. இழுப்பறையில் விசில்களுக்கு அடியில் வைத்தேன். ஐந்து நாள்தானே, ஆட்டம் முடிந்ததும் கோச்சிடம் கொடுத்துக்கொள்ளலாம் என்று. பிறகு இறுதி ஆட்டத்துக்கான படிவத்தை எடுத்து அவள் பெயரை எழுதினேன். இதயம்: நன்று. குதிரை என்றெல்லாம் எழுதவில்லை. விளையாட்டுக்கு ஓர் அளவு உண்டு.

மறுநாள் அவளே கேட்டாள். "மாமா, ஆஸ்பத்திரியில ஏதோ சொன்னாங்கன்னு அம்மா அழுவுது. நான் ஆடலாமா?"

"நம்ம டாக்டர் பாத்துட்டார் கண்ணு. தாராளமா ஆடலாம்னுட்டார். அம்மாகிட்ட மட்டும் இப்ப சொல்லாத, பயந்துக்கும்."

அவள் முகத்தில் அப்போது வந்த சந்தோஷத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். அதைக் கொடுத்தவன் நான் என்பதையும் இங்கே குறித்துக்கொள்ளலாம்.

இறுதி ஆட்டத்தின் கடைசிக் கால்பகுதி. கடிகாரத்தில் நாலு நிமிடம். இரண்டு புள்ளி முன்னிலையில் இருந்தோம். பந்து வெளியே போன இடைவெளியில் அவள் என் மேசைக்கு வந்து விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள். உதடு வெளுத்திருந்தது.

"மாமா, படபடன்னு அடிக்குது. ரெண்டு நிமிஷம் உக்காரட்டுமா? கோச்கிட்ட சொல்றீங்களா?"

"நாலே நிமிஷம்தான் கண்ணு. போ."

தலையாட்டிவிட்டுப் போனாள். நாற்பது விநாடி இருக்கும்போது எதிர்க் கூடைக்கு அடியில் விழுந்தாள். நடுவர் விசில் ஊதிய அதே கணம் கடிகாரத்தை நிறுத்தினேன். அதன் பிறகு யாருக்கும் ஆட மனமில்லை. கோப்பை எங்களுக்கு என்று முடிவானது. அவள் ஆஸ்பத்திரி வரை போய்ச் சேரவில்லை.

விசாரணை நம் கிளப் அறையிலேயே நடந்தது. லீக்கிலிருந்து மூன்று பேர் வந்தார்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போட்டேன் என்று டாக்டரால் சொல்ல முடியுமா? தன் கையெழுத்துதான் என்று மட்டும் சொன்னார். அடுத்த மாதம் கிளினிக்கை மூடிவிட்டுப் போனார். அந்த அம்மா, கடிதத்தை என்னிடம் கொடுத்ததாகச் சொன்னார். எனக்கு எந்தக் கடிதமும் வரவில்லை என்றேன். இழுப்பறை என் முழங்காலுக்குப் பக்கத்தில் இருந்தது. யாரும் திறக்கச் சொல்லவில்லை.

அவர் கணவர் எல்லோர் முன்னாலும் கேட்டார். "நெசமா குடுத்தியா, இல்ல பையிலயே வெச்சு மறந்துட்டியா?"

"குடுத்தேன்" என்றார். கணவர் மறுபடி கேட்டார். "குடுத்தேங்க." மூன்றாவது தடவை கேட்டதும் அந்த அம்மா பையை மேசையில் கவிழ்த்துத் தேட ஆரம்பித்தார். நூல்கண்டு, கத்தரி, சுண்ணாம்புக்கட்டி, ஒரு பெண்பிள்ளையின் தலைமுடி ரப்பர். கணவர் அந்த வருடம் முடிவதற்குள் வேறு ஊருக்குப் போய்விட்டார், திரும்பவில்லை.

ஏன் என்று கேட்பீர்கள். உண்மையைச் சொல்லியிருந்தால் கிளப்பை மூடியிருப்பார்கள். அடுத்த பருவத்துக்கு இருபத்திரண்டு பெண்பிள்ளைகள் பெயர் கொடுத்திருந்தார்கள். அவர்களை நான் தெருவில் விட்டிருக்க வேண்டுமா? போனவளைத் திருப்பிக் கொண்டுவர முடியாது. எனக்கும் களைத்துப்போயிருந்தது, தம்பி. அன்றிலிருந்தே களைப்புதான். ஆனாலும் பதினெட்டு வருடமாக ஒரு பயிற்சிக்குக்கூட நான் வராமல் இருந்ததில்லை. கடிதத்தை இந்தத் தாள்களோடு இணைத்திருக்கிறேன். என்ன செய்ய வேண்டுமோ செய்யுங்கள்.

போன செவ்வாய்க்கிழமை அந்த அம்மா என் வீட்டுக்கு வந்தார். நான் வரலாறு எழுதுவதை யாரோ சொல்லியிருக்கிறார்கள். முதுகு கூனிவிட்டது. நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"ஒண்ணே ஒண்ணுதாண்ணா. அன்னைக்கு நான் உங்ககிட்ட அதக் குடுத்தேனா? நீங்க கை நீட்டினது வரைக்கும் எனக்கு ஞாபகம் இருக்கு. ஆனா நெனச்சு நெனச்சு நானே அப்படி ஜோடிச்சுக்கிட்டேனோன்னு இருக்கு. எம்பொண்ண நானே மறதியில கொன்னுட்டேனா?"

பின்னால் அலமாரியில், பழைய பதிவேடுகளுக்கு நடுவே அந்த உறை இருந்தது.

"இல்லம்மா. குடுத்திருந்தா நான் அவள ஆட விட்டிருப்பேனா?"

 தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன், முழுவதும் குடித்தார். எழுந்து வாசலுக்குப் போய்ச் செருப்பைப் போட்டுக்கொண்டு திரும்பினார்.

"இத்தன வருஷம் உங்க மேல சந்தேகப்பட்டுட்டேன். மன்னிச்சுக்குங்கண்ணா."

மன்னித்துவிட்டேன். பதினெட்டு வருடம் ஒருவர் நம்மைத் தவறாக நினைத்திருந்தார் என்றால் யாருக்கும் கொஞ்சம் வருத்தம் இருக்கத்தான் செய்யும். ஆனால் நான் எதையும் மனதில் வைத்துக்கொள்கிற ஆள் இல்லை.